ஐந்து சாட்சிகள்

அன்றிரவு திரையில் எல்லாமே பச்சை. ரேக்கில் இருந்த ஆறு ரெக்டிஃபையர் மாட்யூல்களும் ஓடிக்கொண்டிருந்தன. அலாரம் எதுவும் இல்லை. முதல் மாட்யூலுக்கு நேரே புதிய ஃபர்ம்வேரின், அதாவது பெட்டிக்குள்ளேயே ஓடுகிற நிரலின், பதிப்பு எண் ஒழுங்காக வந்திருந்தது. மணி இரண்டேகால். நான்குக்குள் மீதி ஐந்தையும் முடித்துவிட்டால் விடிவதற்குள் கொஞ்சம் தூங்கலாம் என்று மனதுக்குள் கணக்குப் போட்டபடி இரண்டாவது மாட்யூலைத் தேர்ந்தெடுக்கப் போனேன். அப்போதுதான் அந்தச் சத்தம் காதில் விழுந்தது. முதல் மாட்யூலின் விசிறி மட்டும் மற்றவற்றைவிட ஒரு கட்டை மேலே பாடிக்கொண்டிருந்தது.

பெரிய வித்தியாசம் இல்லை. ஆறு விசிறிகள் சேர்ந்து இரைகிற அறையில் பழகாத காதுக்கு அது பிடிபடவே பிடிபடாது. இந்த இரைச்சலுக்குள்ளேயே நின்று பல வருடம் வேலை பார்த்தவனுக்கு அது பல் இடுக்கில் மாட்டிய நார் மாதிரி. விட்டுத் தொலைக்க முடியவில்லை. கீபோர்டிலிருந்து கையை எடுத்துவிட்டேன்.

மிச்சக் கதைக்குப் போவதற்கு முன், இந்தப் பெட்டிகளைப் பார்த்திராதவர்களுக்கு நாலு வரி. தொலைத்தொடர்பு நிலையங்களிலும், துணைமின் நிலையங்களின் கட்டுப்பாட்டு அறைகளிலும், பெரிய ஆலைகளிலும் ஒரு இரும்பு ரேக்கில் புத்தகங்களை அடுக்கியது போலச் செருகி வைத்திருப்பார்கள். பின்பக்கம் ஏசி மின்சாரம் உள்ளே போகும், 48 வோல்ட் டிசி வெளியே வரும். 48 என்பது பேருக்குத்தான். கூடவே பேட்டரியும் தொங்குவதால் நிஜத்தில் 53.5 வோல்ட்டில் ஓடும். செல்லுக்கு 2.23 வோல்ட், 24 செல், பெருக்கினால் வந்துவிடும். எங்கள் ரேக்கில் இருந்தவை ஒவ்வொன்றும் 3000 வாட், அதாவது சுமார் 56 ஆம்பியர் கொடுக்கக் கூடியவை. அந்த இடத்தின் சுமை 180 ஆம்பியர். ஆளுக்கு 30. ஒன்றை உருவி எடுத்தால் மற்ற ஐந்தும் ஆளுக்கு 36 என்று பங்கு போட்டுக்கொள்ளும், வெளியே யாருக்கும் தெரியாது. ஓடுகிற ரேக்கிலேயே ஒவ்வொன்றாக ஃபர்ம்வேர் மாற்றும் துணிச்சல் எங்களுக்கு வருவது இந்த உபரியால்தான்.

நான் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் பவர் சப்ளைக்கு ஃபர்ம்வேர் என்று சொன்னால் சிரித்திருப்பார்கள். கட்டுப்பாடு முழுக்க அனலாக். ஒரு கன்ட்ரோல் ஐசி, அதைச் சுற்றி நாலு ரெசிஸ்டர், மூன்று கெபாசிட்டர். கட்டுப்பாட்டுச் சுற்று (லூப்) ஆட்டம் போட்டால் சால்டரிங் அயனை எடுத்து ஒரு கெபாசிட்டரை மாற்றுவோம். இன்று அந்த ரெசிஸ்டர், கெபாசிட்டர் எல்லாம் ஒரு சிப்புக்குள் எண்களாகக் கிடக்கின்றன. விநாடிக்கு ஒரு லட்சம் தடவை, அதாவது 10 மைக்ரோ விநாடிக்கு ஒருமுறை, சிப் வெளியீட்டு வோல்டேஜை அளந்து, கணக்குப் போட்டு, டிரான்சிஸ்டரை எவ்வளவு நேரம் திறந்து வைப்பது என்று முடிவு செய்கிறது. அந்த எண்களில் ஒன்று மாறினால் பெட்டியின் குணமே மாறிவிடும். மொபைலில் ஆப்பைப் புதுப்பிப்பதோடு இதை ஒப்பிடுபவர்களிடம் நான் சொல்வது இதைத்தான்: இங்கே மாறுவது வெறும் திரை இல்லை, உள்ளே 400 வோல்ட்டைப் பிடித்துக்கொண்டிருக்கிற கை.

சரி, அப்படியென்றால் எதற்காக மாற்ற வேண்டும்? ஓடுகிற வண்டியில் ஏன் கை வைக்க வேண்டும்? நியாயமான கேள்வி. ‘நிலைத்தன்மை மேம்படுத்தப்பட்டது’ என்று ஒரே வரியில் வருகிற வெளியீட்டுக் குறிப்பை நம்பி நான் எதையும் தொடுவதில்லை. எந்த நிலைத்தன்மை, எந்தச் சூழ்நிலையில் குலைந்தது என்று சொல்லத் தெரியாதவன் எதைச் சரி செய்திருப்பான்? என் கண்ணெதிரே நடக்கிற கோளாறும் குறிப்பில் எழுதியிருக்கிற கோளாறும் ஒன்றாக இருந்தால் மாற்றலாம். பாதுகாப்பு ஓட்டை என்றால் மாற்றியே ஆக வேண்டும். மூன்றாவது காரணம்தான் நடைமுறையில் அதிகம் வருவது, அதைப் பற்றி யாரும் பேசுவதில்லை: ஒரு மாட்யூல் பழுதாகிறது, மாற்றாக வருகிற புதுப்பெட்டி புதுப் பதிப்போடு வருகிறது, அது பழைய பதிப்புக்காரர்களோடு சுமையைச் சரியாகப் பங்கு போட மறுக்கிறது. புது மருமகள் ஒருத்திக்காக வீட்டையே மாற்றிக் கட்டுவது போல, ஒன்றுக்காக ஆறையும் மாற்ற வேண்டியதாகிறது. அன்றிரவு நான் அங்கே நின்றதும் அதற்காகத்தான். உதிரியாக வந்த பெட்டி அலமாரியில் காத்திருந்தது. அதைச் செருகும் நாள் வருவதற்குள் ஆறையும் அதன் பதிப்புக்குக் கொண்டுவர வேண்டும்.

வேலை நடக்கும் விதம் எளிமையானதுதான். மாட்யூல்கள் எல்லாம் கேன் பஸ் என்கிற இரட்டைக் கம்பியில் கன்ட்ரோலரோடு பேசிக்கொண்டிருக்கும். லேப்டாப்பிலிருந்து ஒரு அடாப்டரை அதே கம்பியில் மாட்டுகிறோம். தேர்ந்தெடுத்த மாட்யூலுக்கு ‘படுத்துக்கொள்’ என்று ஒரு கட்டளை. அது வெளியீட்டை நிறுத்திவிட்டு, பூட்லோடர் என்கிற சின்ன நிரலுக்குள் இறங்கிவிடும். அந்தப் பூட்லோடர் ஃபிளாஷ் நினைவகத்தை அழித்து, நாம் அனுப்புவதை எழுதிக்கொள்ளும்.

ஏன் நிறுத்த வேண்டும், ஓடிக்கொண்டே எழுதக் கூடாதா என்று புதிதாக வருகிற பையன்கள் கேட்பார்கள். ஃபிளாஷின் ஒரு பகுதியை அழிக்கப் பல மில்லி விநாடிகள் ஆகும், சில சிப்புகளில் நூற்றுக்கணக்கில் கூட. அந்த நேரம் முழுக்க அந்த நினைவகத்திலிருந்து நிரலைப் படிக்க முடியாது. ஒரு மில்லி விநாடி போனால் நூறு கட்டுப்பாட்டுச் சுற்றுகள் போய்விட்டன என்று அர்த்தம். நூறு சுற்று கண்ணை மூடிக்கொண்டு ஓட்டினால் டிரான்சிஸ்டர் மிஞ்சாது. நினைவகம் இரண்டு தனித்தனி வங்கிகளாகப் பிரிந்திருக்கிற சிப்புகள் இப்போது வருகின்றன. ஒன்றில் ஓடிக்கொண்டே மற்றதில் எழுதி, இரண்டு கட்டுப்பாட்டுச் சுற்றுகளுக்கு நடுவே கிடைக்கிற மைக்ரோ விநாடிகளில் தாவிவிடலாம். அழகான வேலை. ஆனால் களத்தில் கிடக்கிற பெட்டிகளில் பெரும்பாலானவை அந்த ரகம் இல்லை.

நேரக் கணக்கையும் பார்த்துவிடுவோம், எனக்குப் பிடித்த கணக்கு அது. கேன் பஸ்ஸில் ஒரு செய்திக்கு 8 பைட்தான் ஏற்ற முடியும். 128 கிலோபைட் ஃபர்ம்வேர் என்றால் 16,384 செய்திகள். முகவரி, சரிபார்ப்பு எல்லாம் சேர்த்து ஒரு செய்தி 130 முதல் 160 பிட் வரை நீளும். விநாடிக்கு 125 கிலோபிட் வேகத்தில் ஒன்றுக்கு ஒரு மில்லி விநாடி சொச்சம். ஆக மொத்தம் இருபது விநாடியில் முடிய வேண்டும். ஆனால் நிஜத்தில் எங்கள் மாட்யூல் ஒன்றுக்கு ஏழு நிமிடம் ஆனது. ஏன்?

பெட்டிக்குள் ஒரு சிப் இல்லை, இரண்டு. ஏசியை வாங்கி 400 வோல்ட் டிசியாக்குகிற முன்பாதிக்கு ஒன்று, அதை 53.5 ஆக இறக்குகிற பின்பாதிக்கு ஒன்று. இரண்டுக்கும் நடுவே மின்காப்பு இருக்கிறது, இருந்தே ஆக வேண்டும். கேன் கம்பி பின்பாதியோடுதான் பேசும். முன்பாதிக்குப் போக வேண்டிய ஃபர்ம்வேரைப் பின்பாதி வாங்கி, ஒளியால் செய்தி கடத்துகிற ஆப்டோகப்ளர் வழியாக, ஒரு மெதுவான சீரியல் தடத்தில் கொஞ்சம் கொஞ்சமாகக் கைமாற்றிவிடும். போதாததற்கு ஒவ்வொரு துண்டுக்கும் பதில் வரும் வரை காத்திருப்பு. அதனால் ஏழு நிமிடம். வரிசையும் முக்கியம்: முதலில் முன்பாதி, பிறகு பின்பாதி. மாற்றிச் செய்து, புதிய பின்பாதிக்குப் பழைய முன்பாதியின் பாஷை புரியாமல் போனால், கைமாற்றிவிட ஆளில்லாமல் போய்விடும்.

இந்த ஏழு நிமிடத்தைப் பற்றி எனக்கு ஒரு பழைய தழும்பு உண்டு. வேறொரு இடம், வேறொரு தயாரிப்பு, பல வருடம் முன்பு. முன்னேற்றப் பட்டை 63 சதவீதத்தில் இருந்தபோது என் லேப்டாப் தூங்கிவிட்டது. மின்தடை இல்லை, கம்பி கழன்று விழவில்லை, வெறும் தூக்கம். பேட்டரியை மிச்சப்படுத்துகிறேன் பேர்வழி என்று யுஎஸ்பியை அணைத்துவிட்டது. தட்டி எழுப்பியபோது மாட்யூல் பேச மறுத்தது. முன்பக்க விளக்கு மட்டும் அரை விநாடிக்கு ஒருமுறை மினுக் மினுக்.

அந்தப் பெட்டியின் பூட்லோடரை எழுதியவர் அவசரக்காரர். நினைவகத்தின் முதல் முகவரி காலியாக இல்லையென்றால் நிரல் முழுதாக இருக்கிறது என்று எடுத்துக்கொள்ளும்படி எழுதியிருந்தார். முதல் முகவரியில் எழுத்து இருந்தது, 63 சதவீதம் வரைக்கும் இருந்தது. பூட்லோடர் நம்பிக்கையோடு உள்ளே குதிக்கும், பாதி நிரல் ஓடும், தடம் முடிகிற இடத்தில் விழும், நிரல் முடங்கினால் சிப்பை மறுபடி தொடங்க வைக்கிற வாட்ச்டாக் தட்டி எழுப்பும், மறுபடி குதிக்கும். அந்த மினுக்கல் அதுதான்.

பொறுப்பாக எழுதிய பூட்லோடர் வேறு மாதிரி நடந்துகொள்ளும். ஃபிளாஷை அழித்தால் எல்லா பிட்டும் 1 ஆகும், எழுதும்போது 1-ஐ 0 ஆக்கத்தான் முடியும், திரும்ப 1 ஆக்க அந்தப் பகுதி முழுவதையும் அழித்தாக வேண்டும். இந்தக் குணத்தைப் பயன்படுத்தி, ‘இந்த நிரல் செல்லும்’ என்கிற முத்திரைக்கு ஒரு இடத்தை ஒதுக்கி வைப்பார்கள். வேலை தொடங்கும்போது முதல் காரியம் அந்த முத்திரையைத் துடைப்பது. கடைசிப் பைட்டும் எழுதி, முழுவதையும் திரும்பப் படித்து, பிழை கண்டுபிடிக்கிற சரிபார்ப்பு எண்ணான சிஆர்சியைச் சரிபார்த்த பிறகு, எல்லாவற்றுக்கும் கடைசியாக முத்திரையைக் குத்துவது. நடுவில் எந்த நொடியில் என்ன நடந்தாலும் முத்திரை இருக்காது, பூட்லோடர் குதிக்காது, உட்கார்ந்து காத்திருக்கும். இதற்கு ஆகிற செலவு பத்து வரி நிரல். ஃபர்ம்வேரை எழுதுகிறவனைவிட இந்தப் பத்து வரியை எழுதுகிறவனுக்கு அதிகச் சம்பளம் தர வேண்டும் என்பது என் கட்சி.

என் அதிர்ஷ்டம், அந்த அவசரக்காரர் ஒரே ஒரு நல்லது செய்திருந்தார். மின்சாரம் வந்ததும் பூட்லோடர் இரண்டு விநாடி கேன் கம்பியைக் கேட்கும், யாராவது கூப்பிட்டால் நிற்கும். ஆகவே மாட்யூலை ரேக்கிலிருந்து பாதி உருவி, 50 மில்லி விநாடிக்கு ஒருமுறை அதன் பெயரைக் கூப்பிடும்படி லேப்டாப்பில் ஒரு ஸ்கிரிப்டை ஓடவிட்டு, பெட்டியை உள்ளே தள்ளினேன். பதில் இல்லை. மறுபடி உருவி, மறுபடி தள்ளி. பதினோராவது முறை கிடைத்தது. ஏன் முதல் பத்து முறையும் கிடைக்கவில்லை என்றால், பூட்லோடருக்குள் இருக்கும்போது அது தன் சொந்த முகவரியில் இல்லை, ஆலையில் வைத்த பொது முகவரியில் இருந்தது. அதைக் கண்டுபிடிக்க எனக்குப் பத்து முறை தேவைப்பட்டது.

அந்த இரண்டு விநாடியும் இல்லாமல் போயிருந்தால் பெட்டியைத் திறந்திருக்க வேண்டும். திறப்பது என்றால் ஸ்க்ரூ கழற்றுவது மட்டும் இல்லை. மின்சாரத்தை எடுத்த பிறகும் உள்ளே உருளை கெபாசிட்டர்களில் 400 வோல்ட் தங்கியிருக்கும், ஐந்து நிமிடம் காத்திருந்து மீட்டர் வைத்துப் பார்க்காமல் கை வைக்கக் கூடாது. முன்பாதி சிப்பின் தரைக்கம்பி பல வடிவமைப்புகளில் மெயினோடு நேரடித் தொடர்பில் இருக்கும். பெட்டி மின்சாரத்தில் இருக்கையில், காப்பு இல்லாத டீபக்கரை (சிப்போடு நேரடியாகப் பேசுகிற கருவி) அதில் செருகி மறுமுனையில் எர்த் செய்த லேப்டாப்பை மாட்டினால், டீபக்கர், லேப்டாப், யுஎஸ்பி போர்ட் எல்லாம் ஒரே சத்தத்தில் போய்ச் சேரும். போய்ச் சேர்ந்ததைப் பார்த்திருக்கிறேன். என்னுடையது இல்லை, அந்த அளவுக்குத்தான் சொல்வேன்.

அன்றிலிருந்து லேப்டாப்பின் தூக்கத்தை அணைக்காமல் நான் எதையும் தொடங்குவதில்லை. ஆனால் விசிறிச் சத்தம் கேட்ட இரவில் அந்த முன்னெச்சரிக்கைகள் எதுவும் உதவவில்லை. ஏனென்றால் எதுவும் பாதியில் நிற்கவில்லை. எழுதி முடிந்தது, சிஆர்சி சரி, முத்திரை குத்தியாயிற்று, மாட்யூல் எழுந்து சுமையையும் ஏற்றுக்கொண்டது.

திரையை மறுபடி பார்த்தேன். ஆறு மாட்யூலும் 28.8 ஆம்பியர். அச்சு அசலாகச் சமம். பங்கீடு அவ்வளவு அழகாக நடக்கிறது. பிறகு ஏன் ஒன்றுக்கு மட்டும் சூடு? விசிறி, சூட்டை வெளியேற்றுகிற உலோகத் துண்டான ஹீட்சிங்க்கின் வெப்பநிலையைப் பார்த்துத்தான் வேகத்தைக் கூட்டும். வெப்பநிலை வரிசையைத் திறந்தால், முதல் மாட்யூல் மற்றவற்றைவிட ஆறு டிகிரி மேலே.

கீழே மொத்தச் சுமையைக் காட்டுகிற வரி தனியாக இருக்கிறது. அது மாட்யூல்கள் சொல்வதைக் கூட்டி வருவது இல்லை, ரேக்கின் கீழே பஸ்பார் என்கிற தடித்த உலோகப் பட்டையில் இருக்கிற தனி ஷன்ட், அதாவது மின்னோட்டம் அளக்கிற சிறு மின்தடை, அளப்பது. அது 180 என்றது. பேட்டரி முழுதாக நிறைந்திருந்ததால் அந்தப் பக்கம் போவது கிட்டத்தட்ட ஒன்றுமில்லை. கைபேசியில் கால்குலேட்டரைத் திறந்தேன். 28.8 பெருக்கல் 6. 172.8.

ஏழு ஆம்பியர் எங்கே?

எல்லா அளவியும் கொஞ்சம் பொய் சொல்லும், ஒன்றிரண்டு ஆம்பியர் வித்தியாசம் எந்த ரேக்கிலும் இருக்கும். ஏழு இருக்காது. அதுவும் வேலை தொடங்கும் முன் நான் எடுத்து வைத்திருந்த ஸ்கிரீன்ஷாட்டில் கூட்டுத்தொகை 179 என்று இருந்தது. அந்தப் படத்தை எடுத்தது கூட வேறு எதற்காகவோ.

கம்பியைக் கவ்வி மின்னோட்டத்தை அளக்கிற கிளாம்ப் மீட்டரை எடுத்தேன். டிசி பக்கம் மாட்யூல்கள் நேரே பின்பலகையில் செருகியிருப்பதால் தனித்தனியாகக் கவ்வக் கம்பி கிடைக்காது. ஆனால் ஏசி பக்கம் ஒவ்வொன்றுக்கும் தனி எம்சிபி (மின்னோட்டம் அளவு மீறினால் தானே விழுகிற சுவிட்ச்), தனிக் கம்பி. இரண்டாவது மாட்யூலின் கம்பியில் கவ்வினேன்: 7.0 ஆம்பியர். மூன்றாவது: 7.0. நான்காவது: 6.9. கடைசியாக முதல் மாட்யூலுக்கு வந்தேன்: 8.7.

28.8 கொடுக்கிறேன் என்று சொல்லிக்கொண்டு 36 கொடுத்துக்கொண்டிருந்தது. பொய் என்று கூடச் சொல்ல முடியாது, அது அப்படித்தான் நம்பியது. தன் மின்னோட்டத்தை இருபது சதவீதம் குறைத்து அளந்தது. குறைவாகக் கொடுக்கிறோமே என்று தன்னைக் கூட்டிக் கூட்டி, தன் கணக்கில் மற்றவர்களுக்குச் சமமாகும் வரை தள்ளியது. பங்கீட்டு ஏற்பாடு முழுவதும் நேர்மையாக வேலை செய்ததால்தான் திரையில் அவ்வளவு அழகான சமம்.

தயாரிப்பாளரிடம் பேசிப் பேசி, இரண்டு வாரம் கழித்து முழுக்காரணம் கிடைத்தது. ஒவ்வொரு மாட்யூலும் ஆலையை விட்டு வெளியேறும் முன் அளவீட்டுத் திருத்தம் செய்யப்படும். தெரிந்த மின்னோட்டத்தைக் கொடுத்து, சிப் அளப்பதற்கும் நிஜத்துக்கும் உள்ள வித்தியாசத்தை இரண்டு மூன்று எண்களாக அதன் ஈஈப்ராம் என்கிற நிரந்தர நினைவகத்தில் எழுதி வைப்பார்கள். பெட்டிக்குப் பெட்டி இந்த எண்கள் மாறும். புதிய ஃபர்ம்வேரில் யாரோ ஒருவர் அந்த அட்டவணையில் ஒரு புதிய கட்டத்தைச் சேர்த்திருக்கிறார். கட்டம் கூடியதால் அட்டவணையின் சரிபார்ப்புக் கூட்டல் எண்ணான செக்சம் ஒத்துப்போகவில்லை. ஒத்துப்போகவில்லையென்றால் அட்டவணை கெட்டுவிட்டது என்று முடிவு செய்து, எல்லாப் பெட்டிக்கும் பொதுவான இயல்பு எண்களைப் போட்டு, அவற்றையே ஈஈப்ராமில் திரும்ப எழுதிவிடும்படி நிரல். இதில் இன்னொரு கண்ணி இருந்தது. அந்த இயல்பு எண்கள் பழைய வன்பொருளுக்கானவை. எங்கள் வரிசையில் சூட்டைக் குறைக்க உள்ளேயிருந்த ஷன்ட்டின் மதிப்பை ஐந்தில் ஒரு பங்கு குறைத்திருந்தார்கள். ஆலைத் திருத்தம் அந்த வித்தியாசத்தைச் சத்தமில்லாமல் சமாளித்துக்கொண்டிருந்தது. திருத்தம் போனதும் இருபது சதவீதம் வெளியே வந்தது. அலாரம் ஏன் அடிக்கவில்லை? எண்கள் அனுமதித்த எல்லைக்குள்தானே இருந்தன. இயல்பு எண் எல்லைக்கு வெளியே இருக்குமா என்ன?

வேலைக்கு முன் எல்லா அமைப்புகளையும் கோப்பாக எடுத்து வைத்திருந்தேன். திறந்து பார்த்தால் வோல்டேஜ், அலாரம் எல்லைகள், முகவரி, பேட்டரி வரம்பு எல்லாம் இருந்தன. திருத்த எண்கள் இல்லை. அவை ஆலைக்கு மட்டுமான பகுதி, நம் மென்பொருளுக்குக் காட்டாது. பழைய ஃபர்ம்வேரைத் திரும்ப ஏற்றியும் பார்த்தேன். ஏறியது. ஆனால் எண்கள் அழிந்தது அழிந்ததுதான். பழைய பதிப்புக்குத் திரும்பலாம், பழைய பெட்டிக்குத் திரும்ப முடியாது.

விசிறிச் சத்தம் காதில் விழாமல் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று அன்று விடிகாலை காரில் உட்கார்ந்து யோசித்தேன். யோசிக்க யோசிக்க வயிற்றைப் பிசைந்தது. முதல் மாட்யூலின் குறை தெரிந்ததே, பக்கத்தில் பழைய ஐந்தும் நிஜத்தை அளந்துகொண்டு நின்றதால்தான். ஆறையும் ஒரே மூச்சில் மாற்றியிருந்தால் ஆறும் ஒரே அளவுக்குத் தவறாக அளந்திருக்கும். நிஜத்தில் ஆளுக்கு 30, திரையில் ஆளுக்கு 24. சூடு சமம், விசிறிச் சத்தம் சமம், ஏசி பக்கம் கவ்வினாலும் சமம். ஷன்ட்டையும் கூட்டுத்தொகையையும் யாராவது ஒப்பிட்டால்தான் உண்டு. ஒப்பிட்டாலும், ‘ஷன்ட் கெட்டுவிட்டது போல’ என்று சொல்ல ஆறு மாட்யூல் ஒரு பக்கம், ஒரு ஷன்ட் ஒரு பக்கம். பெரும்பான்மை எப்படி ஜெயிக்கும் என்று தெரியும்தானே.

அப்படியே மாதக்கணக்கில் ஓடியிருக்கும். பிறகு ஒருநாள் நீண்ட மின்தடை வந்து, பேட்டரி வற்றி, மின்சாரம் திரும்பும். சுமைக்கு 180, பசித்த பேட்டரிக்கு இன்னொரு 180. மாட்யூல்கள் 56-இல் வரம்பு கட்டி நிற்க வேண்டிய நேரம் அது. ஆறில் ஒன்று அப்போது பழுதாகிக் கிடந்தால், மீதி ஐந்தும் 56 என்று நம்பிக்கொண்டு ஆளுக்கு 70 கொடுத்துக்கொண்டிருக்கும். உள்ளீட்டில் 16 ஆம்பியர் எம்சிபி இருக்கிறதே என்றால், கணக்கிட்டுப் பார்த்தேன், 16-ஐ ஒட்டித்தான் வருகிறது. அந்த வகை எம்சிபி தன் அளவைப்போல் 1.13 மடங்கு போனாலும் ஒரு மணி நேரத்துக்கு விழக் கூடாது என்பதுதான் அதற்கான தர விதியே. ஆக, தடுக்க யாரும் இல்லை. மின்சாரம் திரும்பிய நிம்மதியில் எல்லோரும் இருக்கும் நேரம் பார்த்து, ஐந்தில் பலவீனமானது முதலில் போகும். அப்புறம் மீதி.

ரேக்கில் இரண்டு பதிப்புகள் கலந்து நிற்கக் கூடாது என்றுதான் எல்லாக் கையேடுகளும் சொல்லும். கலப்பு ஆபத்து, சீக்கிரம் முடி, ஒரே இரவில் முடி. நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன். பங்கீட்டு நெறிமுறையே மாறியிருந்தால் அது சரிதான், கலந்தால் ஒன்றையொன்று இழுத்துக்கொண்டு ஊசலாடும். ஆனால் நெறிமுறை மாறாத பதிப்புகளில் இப்போது நான் வேண்டுமென்றே கலப்பில் வைக்கிறேன். ஒன்றை மாற்றுவேன், கூட்டுத்தொகையையும் ஷன்ட்டையும் குறித்துக்கொள்வேன், ஏசி பக்கம் ஆறையும் கவ்வுவேன், போய்விடுவேன். ஒரு பகலின் ஏற்ற இறக்கமாவது அதன் மேல் போக வேண்டும். மறுநாள் இன்னும் இரண்டு. வாடிக்கையாளர்களுக்கு இது பிடிப்பதில்லை. ஒரே இரவு வேலைக்கு மூன்று நாள் அனுமதிக் காகிதம் யாருக்குப் பிடிக்கும்?

பாதுகாப்பைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும், கேட்பவர்கள் உண்டு. சிஆர்சி சரியாக இருந்தால் கோப்பு பத்திரம் என்று நினைப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். சிஆர்சி வழியில் தவறிய பிட்டைத்தான் கண்டுபிடிக்கும். வேண்டுமென்றே மாற்றி எழுதுகிறவன் சிஆர்சியையும் சேர்த்தே போட்டு அனுப்புவான். அதற்கு டிஜிட்டல் கையொப்பம் வேண்டும், அதைப் பூட்லோடர் சரிபார்க்க வேண்டும். இது வெறும் கற்பனைப் பயம் இல்லை. 2015 டிசம்பர் 23 அன்று உக்ரைனின் மின்விநியோக நிறுவனங்கள் மீது நடந்த தாக்குதலில் சுமார் 2,25,000 இணைப்புகளுக்கு மின்சாரம் போனது. பிரேக்கர்களைத் திறந்ததோடு தாக்கியவர்கள் நிற்கவில்லை. துணைமின் நிலையங்களில் கருவிகளை வலையமைப்போடு இணைத்த சீரியல்-ஈதர்நெட் மாற்றிகளின் ஃபர்ம்வேரைக் குப்பையால் மேலெழுதிவிட்டுப் போனார்கள். தூரத்திலிருந்து பிரேக்கரை மூட வழியில்லாமல், ஆட்கள் நேரில் போய்க் கையால் மூட வேண்டியிருந்தது. நாம் பூட்லோடரில் விட்டு வைக்கிற கதவு நமக்கு மட்டும் திறக்காது. என்னைக் காப்பாற்றிய அந்த இரண்டு விநாடிக் காத்திருப்பு இருக்கிறதே, கையொப்பம் கேட்காத பெட்டியில் அதுவும் ஒரு கதவுதான்.

திருத்திய ஃபர்ம்வேர் ஒன்றரை மாதம் கழித்து வந்தது. இம்முறை வெளியீட்டுக் குறிப்பு இரண்டு பக்கம். பழைய அட்டவணையை அடையாளம் கண்டு புதிய வடிவத்துக்கு மாற்றிக்கொள்ளும், முடியாவிட்டால் வெளியீட்டையே கொடுக்காமல் அலாரம் அடித்து நிற்கும் என்று எழுதியிருந்தார்கள். அந்த இரண்டாவது வாக்கியம் எனக்கு முதலாவதைவிடப் பிடித்தது. எண்களை இழந்த பெட்டி ஆலைக்குப் போய், மறுதிருத்தம் செய்த தேதியோடு ஒரு சின்ன ஸ்டிக்கர் ஒட்டிக்கொண்டு திரும்பியது.

மூன்று நாட்களில் ஐந்து மாட்யூல்களை மாற்றினேன். கூட்டுத்தொகை 179.4, ஷன்ட் 180. ஏசி பக்கம் ஆறிலும் 7.2, 7.3. அறைக்குப் பொறுப்பானவர் மூன்றாம் நாள் மாலை வந்து திரையை எட்டிப் பார்த்தார். ஆறாவது மாட்யூலுக்கு நேரே இன்னும் பழைய பதிப்பு எண்.

“அஞ்சு முடிஞ்சுடுச்சு. இதையும் இப்பவே போட்டுட்டீங்கன்னா காகிதத்தை மூடிடலாமே சார்?”

“செவ்வாய்க்கிழமை பேட்டரி டெஸ்ட் இருக்கு இல்லையா? பேட்டரி இறங்கி, மறுபடி சார்ஜ் ஏறட்டும். அது வரைக்கும் இது இப்படியே இருக்கட்டும்.”

அவர் காகிதத்தில் எதையோ அடித்துவிட்டு மேலே செவ்வாய்க்கிழமைத் தேதியை எழுதினார். நான் கிளாம்ப் மீட்டரைப் பையில் போடாமல் ரேக்கின் மேலேயே வைத்துவிட்டு வந்தேன்.